மூத்தாள் பெட்டி

பாலக்காட்டுக் கல்பாத்தி அக்ரஹாரத்தில் மருமகளாக வாழ்ந்தவளுக்கு மாதத்தில் மூன்று நாள்தான் ஓய்வு. தூரமாகிவிட்டால் கொல்லைப்புற அறையில் தனியாக உட்கார வேண்டும். யாரும் தொடமாட்டார்கள், யாரும் வேலை ஏவமாட்டார்கள். அந்த மூன்று நாளை அழுது கழித்தவர்களும் உண்டு. நான் பேய் நாவல் படித்துக் கழித்தேன்.

நாவல்கள் கோயம்புத்தூரில் உத்தியோகம் பார்த்த என் அண்ணாவின் உபயம். தூரமானவள் தொட்ட புஸ்தகத்தை எந்த மாமியாரும் விரல் நுனியால்கூடத் தீண்டமாட்டாள். அதைவிடப் பத்திரமான பூட்டு எந்தக் கடையில் கிடைக்கும்? என் முறை முடிந்ததும், இடதுபக்கத்து வீட்டு மருமகளுக்கு முறை வரும்போது, கொல்லைச் சுவருக்கு மேலாகப் புஸ்தகத்தை வீசிவிடுவேன்.

அந்த நாவல்களில் பட்டணத்துக் கனவான்கள் நாலு பேர் ரகசிய சங்கம் வைத்துக்கொண்டு, பாழடைந்த பங்களாக்களில் புகுந்து பேய் உண்டா இல்லையா என்று துப்புத் துலக்குவார்கள். நமக்கு மட்டும் என்ன குறைச்சல் என்று நாங்களும் ஒரு சங்கம் ஆரம்பித்தோம். இடதுபக்கத்து வீட்டுக்காரி தலைவி. என்னைவிட மூத்தவள், நல்ல ஆகிருதி, அதைவிடப் பெரிய குரல். 'ரகசியம்' என்ற சொல்லையே ஆற்றின் அக்கரைக்குக் கேட்கும்படிதான் சொல்லுவாள். கூட்டம் தினமும் விடிந்ததும் ஆற்றில், கழுத்தளவு ஜலத்தில் நடக்கும். சங்கத்துக்கு இருந்த ஒரே குறை, பேய் அகப்படாததுதான்.

அப்போதுதான் என் வலதுபக்கத்து வீட்டுக்கு இளையாளாக ஒரு பெண் வந்தாள். முதல் மனைவி ஜுரத்தில் போய் ஒரு வருஷம்கூட ஆகவில்லை. இவள் வந்த சில மாதங்களில் அந்த வீட்டில் சாமான் போட்டுவைக்கும் உக்கிராண அறையில், மூத்தாளின் தகரப் பெட்டி இருந்த மூலையிலிருந்து, ஒரு நாற்றம் கிளம்பியது. சாம்பிராணி போட்டார்கள், கோமியம் தெளித்தார்கள், ஒன்றுக்கும் மசியவில்லை. "மூத்தவளுக்கு இவளைப் பிடிக்கலை, அவளாக்கும் வந்திருக்கா" என்று மாமியார் தீர்ப்புச் சொல்லிவிட்டாள். தேர்த் திருவிழா முடிந்ததும் அவள் அப்பாவை வரவழைத்துப் பெண்ணை அவரோடு அனுப்பிவிடுவது என்று முடிவாயிற்று. அந்த அப்பாவுக்கு இவளுக்குக் கீழே இன்னும் மூன்று பெண்கள். பேய் துரத்திய பெண்ணின் தங்கைகளை எவன் கட்டுவான்? அந்தப் பெண் ஆற்றில் முங்கி முங்கி அழுவாள். ஜலத்தோடு ஜலமாக யாருக்கும் தெரியாது என்று நினைப்பு.

அவளையும் சங்கத்தில் சேர்த்துக்கொண்டோம். நான் சுவரோரம் நின்று மோந்து பார்த்தேன். ஜன்மத்தில் அப்படியொரு நாற்றத்தை நான் அறிந்ததில்லை. தலைவியும் மோந்துவிட்டு, "பிணவாடைதான், சந்தேகமே வேண்டாம்" என்றாள். பிணத்தை அவள் எங்கே மோந்தாள் என்று நான் கேட்கவில்லை.

நாவலில் கனவான்கள் தரையில் மாவு தூவி வைப்பார்கள். கால் தடம் பதியாவிட்டால் வந்தது பேய்தான். கோலமாவுக்கு எங்கள் தெருவில் பஞ்சமா? பெட்டியைச் சுற்றி அந்தப் பெண் அரிசிமாவைத் தூவினாள். மறுநாள் மாவே இல்லை, எறும்பு கொண்டுபோயிருந்தது. "எறும்பு ரூபத்திலும் வரும்டீ" என்றாள் தலைவி, விட்டுக்கொடுக்காமல். அப்புறம் சுண்ணாம்புப் பொடி தூவச் சொன்னோம்.

அடுத்த நாள் காலை அந்தப் பெண் ஆற்றுக்கு வந்தபோது முகம் சிவந்திருந்தது.

"தடம் விழுந்திருக்கு மன்னி. பெருவிரல்மேல இரண்டாம் விரல் ஏறியிருக்கு. அவரோட காலாக்கும் அது."

"உன் ஆத்துக்காரர் காலா? நிச்சயமாத் தெரியுமோ?" என்றேன்.

"கல்யாணம் ஆன நாள்லேருந்து நிமிர்ந்து பார்த்ததே இல்லையே மன்னி. அவர் மொகம்னா சந்தேகமா இருக்கும். காலை நன்னாத் தெரியும்."

தலைவி சிரித்த சிரிப்பில் ஒரு வாய் ஆற்று ஜலத்தை விழுங்கிவிட்டாள். நானும் சிரித்தேன். பிறகு, என் ஆத்துக்காரர் முகத்தைக் கல்யாணமாகி எத்தனை நாள் கழித்து நான் சரியாகப் பார்த்தேன் என்று யோசித்ததும் சிரிப்பு நின்றுபோயிற்று.

அன்று மத்தியானம், மாமியார் கண்ணயர்ந்த நேரத்தில் அந்தப் பெண் பெட்டியைத் திறந்தாள். செத்தவளின் புடவைகளுக்கு நடுவே ஒரு சீசா, மூடியோரம் எண்ணெய் கசிந்துகொண்டு. அதன்மேல் ஒரு மீன் படம். புருஷன்காரனுக்கு நெஞ்சு பலவீனம்; டாக்டர் மீன் எண்ணெய் குடிக்கச் சொல்லியிருக்கிறார். அவன் தினமும் பூஜைக்கு முன்னால் ஒரு மடக்குக் குடித்துவிட்டு, பயத்தில் யாரும் தொடாத பெட்டியாகப் பார்த்து ஒளித்துவைத்திருக்கிறான். மீன் கடைப்பக்கம் தலைவைத்துப் படுக்காத எங்கள் மூக்குகளுக்கு அது பிணமாகத்தான் பட்டது. துப்புத் துலக்கும் லட்சணம்!

அவள் முதன்முதலாகத் தலை நிமிர்ந்து அவனிடம் கேட்டிருக்கிறாள். "அம்மா அறிஞ்சா பிராணனை விட்டுடுவா" என்றானாம். "நான் போனாப் பரவாயில்லையா?" என்றாளாம். அப்புறம்தான் விஷயம் வெளியே வந்தது. மூணாறு மலையில் ஒரு தேயிலை எஸ்டேட் ஆபீஸில் அவனுக்கு வேலை தயாராக இருந்ததாம். அம்மாவிடம் கேட்கத் தைரியம் வரவில்லையாம். எனக்கு வந்த கோபத்தில் சீசாவை நடுத்தெருவில் போட்டு உடைக்கலாம் என்றேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "வேண்டாம் மன்னி. இருமல் இப்பத்தான் கொறஞ்சிருக்கு." அதைக் கேட்டதும் எனக்கு அவன்மேல் இன்னும் கோபம் வந்தது.

"மூத்தவளே வந்து பேசட்டும்" என்றாள் தலைவி.

தேருக்கு முந்தின வெள்ளிக்கிழமை மத்தியானம் மஞ்சள் குங்குமம் வாங்கிக்கொள்ளும் சாக்கில் அந்த வீட்டுக்குப் போனோம். தலைவி தட்டைக் கீழே போட்டாள், தலையை விரித்தாள், ஆட ஆரம்பித்தாள். அவள் ஆடின ஆட்டத்தில் மச்சில் இருந்த ஊறுகாய் ஜாடிகள் கிணுகிணுத்தன. மாமியார் சாமானியப்பட்டவள் இல்லை. தூணைப் பிடித்துக்கொண்டு நின்று கேட்டாள்:

"நீதானா வந்திருக்கே? அப்போ சொல்லு. இந்த ஆத்துல உனக்கு ரொம்பப் பிடிச்சது எதுவாக்கும்?"

பால்பாயசமா, துளசி மாடமா, பசு மாடா? செத்தவளுக்கு என்ன பிடிக்கும் என்று நாங்கள் விசாரித்தே வைக்கவில்லை. தலைவி ஆட்டத்தை நிறுத்தினாள். அவளுக்கும் ஒன்றும் தோன்றவில்லை என்று முகத்தைப் பார்த்தே தெரிந்துவிட்டது.

"ஒண்ணுமே பிடிக்கலை" என்றாள்.

மாமியார் தூணோடு சரிந்து உட்கார்ந்துவிட்டாள். "அவளேதான்" என்றாள். புடவைத் தலைப்பை வாயில் பொத்திக்கொண்டு அழுதாள். அதுவரை அவளை ஒரு ராட்சசி என்றே நினைத்திருந்தேன். அன்றைக்கு அவளைப் பார்க்கவும் பாவமாகத்தான் இருந்தது.

தலைவி அந்த அழுகையை வீணாக்கவில்லை. பெட்டியோடு இரண்டு பேரையும் மலைக்கு அனுப்பு, மலையேறினால் நான் திரும்பி வரமாட்டேன் என்று சத்தியம் பண்ணினாள். கூடவே சங்கத்தில் பேசிக்கொள்ளாத ஒன்றையும் கேட்டாள்: ஒரு கிண்ணம் பால்பாயசம். அதைக் குடித்து முடித்த பிறகுதான் பேய் இறங்கியது.

தேர் நிலைக்கு வந்த மறுநாள் வண்டி கட்டினார்கள். பெட்டியைக் கயிறு போட்டு இறுக்கியிருந்தார்கள்; தெருக்காரர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு வழிவிட்டார்கள். அந்தப் பெண் வண்டிக்குள்ளிருந்து தலையை நன்றாக நிமிர்த்தி எங்களைப் பார்த்துச் சிரித்தாள். மலையில் அவளுக்கென்று ஒரு வீடு. எப்போது வேண்டுமானாலும் புஸ்தகம் படிக்கலாம், அடுப்படியில் நின்றுகொண்டேகூடப் படிக்கலாம்.

மறுநாள் காலை நாங்கள் இரண்டு பேரும் ஆற்றில் நின்றோம். தலைவி அந்தப் பெரிய குரலை நான்கூடக் காதைத் தீட்டிக்கொண்டு கேட்கும்படி தாழ்த்தி, "எடீ, நம்ம ரெண்டு பேர்ல பேய் அடுத்தது யாரைப் பிடிக்கணும்?" என்றாள்.

அவள் கேட்டு முடிப்பதற்குள், "என்னை" என்றேன்.