என் நாவலுக்குப் பெரட்டு நடந்த நாள்

திட்டம் போடுவதில் நான் கெட்டிக்காரி. எழுதுவதில்தான் கொஞ்சம் பின்வாங்கல். நோர்வூட்டுக்கு மேலே, ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், வரிசை வீடுகளில் ஒன்றான எங்கள் காம்பராச் சுவரில் என் முதல் நாவல் இருபத்துமூன்று துண்டுக் காகிதங்களாக இரண்டு வருஷம் ஒட்டிக்கொண்டிருந்தது. அத்தியாயத்துக்கு ஒரு துண்டு. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்குப் பாடத் திட்டம் எழுதுகிறவள் அல்லவா, கோடு போட்டு, இலக்கம் போட்டு, பார்க்கவே அழகாக இருக்கும்.

கொழும்பில் ஒரு பதிப்பாளர் திங்கட்கிழமைக்குள் அந்தத் திட்டத்தைக் கேட்டிருந்தார். தவறினால் அந்த வருஷம் என் புத்தகம் வராது. சனிக்கிழமை துணி துவைத்துவிட்டு வந்து பார்த்தால், சுவர் வெறுமையாக இருந்தது. அதுவரை போனில் ஒரு படம் எடுத்து வைக்கக்கூட எனக்குத் தோன்றியிருக்கவில்லை.

"பெரட்டு வெளையாண்டோம்மா" என்றாள் ஆறு வயது மகள். காலையில் பெரட்டுக்களத்தில் கணக்கப்பிள்ளை ஆட்களைக் கூப்பிட்டு, யார் எந்த மலையில் வேலைக்கு என்று பிரித்து அனுப்புவாரே, அதேபோல லயத்துப் பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, ஆளுக்கொரு அத்தியாயத்தைக் கொடுத்து அனுப்பிவிட்டாள். எனக்குக் கண்மண் தெரியாத கோபம். கன்னத்தில் ஓர் அறை விட்டேன். அவள் அழவில்லை. அது இன்னும் மோசமாக இருந்தது.

அவளை இழுத்துக்கொண்டு வீடு வீடாகப் போனேன். துண்டுகள் கிடைத்தன, மாவும் எண்ணெயும் பட்டு. கிடைத்த வீடுகளில் எல்லாம் படித்தும் இருந்தார்கள். கொழுந்து பறிக்கும் அக்கா ஒருவர் கொடுக்கும்போதே கேட்டார்:

"டீச்சர், இதுல வர்றவ காலையில ஏழரை மணிக்குப் பீலித் தண்ணியில குளிக்கிறான்னு எழுதியிருக்கீங்க. அந்நேரம் மலையில கொழுந்து பறிச்சுக்கிட்டு இருக்கிறவ எங்கங்க குளிக்கிறது?"

லயத்திலேயே பிறந்து வளர்ந்தவள் நான். வெட்கம் பிடுங்கித் தின்றது. பென்சில் வாங்கி அங்கேயே நின்று திருத்தினேன்.

இருபத்திரண்டு வந்து சேர்ந்தன. கடைசி அத்தியாயத்தை மட்டும் காணவில்லை.

"அத யாருக்குக் குடுத்த?"

"யாருக்கும் குடுக்கல. மத்ததுல எல்லாம் நெறைய எழுதியிருந்திச்சு, அதுல ஒண்ணுமே இல்ல. கடைசியா வேற வந்திச்சு. பெரட்டுக்குப் பிந்தி வந்தா வெரட்டுவாங்கல்ல, அதான் வெரட்டிட்டேன். கானுத் தண்ணியில போயிருச்சு."

அவள் சொன்னது உண்மை. அந்தத் துண்டில் 'முடிவு: யோசிக்க வேண்டும்' என்பதைத் தவிர வேறொன்றும் கிடையாது. முடிவு தெரியாமல் முதல் வரியை எழுத மாட்டேன் என்று நான் இரண்டு வருஷம் பிடித்த முரண்டு முழுவதும் அந்த ஒரு துண்டில்தான் இருந்தது. சிரிப்பு வந்தது. அவள் கன்னத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டது. அடித்தது தப்பு என்று சொல்லி மன்னிப்புக் கேட்டேன். "சரி" என்றாள், பெரிய மனுஷி மாதிரி.

ஞாயிற்றுக்கிழமை முதல் அத்தியாயத்தை எழுதத் தொடங்கினேன். மடியில் அவள் உட்கார்ந்திருந்ததால் எழுத்து கோணலாகத்தான் வந்தது. திங்கட்கிழமை இருபத்திரண்டு துண்டுகளையும் படமெடுத்து அனுப்பினேன். பதிப்பாளர் உடனே போன் எடுத்தார்.

"நல்லா இருக்கு, எழுதுங்க. ஆனா கடைசி அத்தியாயத்தைக் காணோமே?"

"என் மகள் விரட்டிவிட்டாள்" என்றேன். அதைச் சொல்லும்போது இருந்த பெருமை, பிறகு புத்தகத்தைக் கையில் வாங்கியபோதுகூட எனக்கு இல்லை.