ஆறு வயதுக்காரியின் பிரஷ்

பேத்திக்கு ஒன்றரை வயது. மேலே நான்கு பற்கள், கீழே நான்கு. ஒருநாள் வேலைக்குப் புறப்படும்போது மகள் சொன்னாள்: "அப்பா, பிள்ளைக்கு ஒரு பிரஷ் வாங்குங்கோ. தலை சின்னனா, தும்பு மெத்தெண்டு இருக்கவேணும்."

மானிப்பாய்க் கடையில் நான் எடுத்ததைக் கண்டு கடைக்காரர் தடுத்தார்.

"மாஸ்ரர், உது ஆறு வயசுப் பிள்ளையளுக்கு."

"பிள்ளை வளராதோ?"

"பிள்ளை வளரும். பிரஷ் அதுக்கு முதல் தேஞ்சுபோம்."

நான் சிரிக்கவில்லை. மகளுக்குப் பள்ளிச் சட்டையும் காலுக்குச் சப்பாத்தும் எப்போதும் பெரிதாகவே வாங்கியவன் நான். சப்பாத்தின் முனையில் பஞ்சை அடைத்துக்கொண்டு அவள் பள்ளிக்கூடம் போனாள். பிரஷ்ஷிலும் எனக்கு அதே புத்திதான்.

மாலையில் மகள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "பெரிசெல்லோ, அப்பா?"

நான் பத்திரிகையை விரித்துக்கொண்டேன். அவளும் விட்டுவிட்டாள். சின்ன வயதிலிருந்தே அப்படித்தான்.

காலையில் பல் தீட்டிவிடுவது என் பொறுப்பு. மூன்றாம் நாள் பிள்ளை முகத்தைத் திருப்பினாள். நான் தாடையைப் பிடித்து வைத்துக்கொண்டு தீட்டினேன். எச்சிலில் சிவப்புத் தெரிந்தது. கழுவித் துடைத்துவிட்டேன். மகளிடம் சொல்லவில்லை. அதன்பிறகு பிள்ளை கரண்டியைக் கண்டாலும் வாயை இறுக மூடிக்கொண்டாள். இரண்டு நாள் சோறு இறங்கவில்லை.

ஆஸ்பத்திரிக்கு மூவரும் போனோம். பல் வைத்தியர் என்னிடம் விஞ்ஞானம் படித்தவள். மகள் கைப்பையிலிருந்து பிரஷ்ஷை எடுத்துக் காட்டினாள்.

"பல்லைச் சுத்தி முரசு புண்ணாக் கிடக்கு. ஆர் இதை வாங்கினது?"

"நான்தான்," என்றாள் மகள்.

"எங்களுக்குப் பல்லுப் பாடம் படிப்பிச்சதே மாஸ்ரர்தான். வீட்டிலை அவரை வைச்சுக்கொண்டு, அவரிட்டை ஒரு சொல்லுக் கேட்டிருக்கலாமே!"

மகள் தலையைக் குனிந்துகொண்டாள். வைத்தியர் என்னைப் பார்த்துச் சிரித்தாள். நானும் சிரித்தேன். பிள்ளைக்குச் செய்ததைவிட அந்தச் சிரிப்புத்தான் எனக்கு இப்போது கூடக் கூசுகிறது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் எல்லாவற்றையும் சொன்னேன், அந்தச் சிவப்பையும் சேர்த்து.

"உங்களிட்டைப் படிச்ச பிள்ளையள் முன்னாலை நீங்கள் மாஸ்ரராயே இருங்கோ, அப்பா," என்றாள் மகள். கோபம் இருந்திருந்தால் ஆறுதலாக இருந்திருக்கும். "ஆனா என்னட்டை அண்டைக்கே சொல்லியிருக்கலாம்."

இறங்கியதும் அதே கடைக்குப் போய், இருந்ததிலேயே சின்னதைக் கேட்டு வாங்கினேன். கடைக்காரர் அதைத் தாளில் சுற்றித் தந்தார்.

இப்போது மகள்தான் விடிய எழும்பித் தீட்டிவிடுகிறாள். பிள்ளை வாயைத் திறக்கிறாள். நான் வாசலில் நின்றால் மட்டும் மூடிக்கொள்கிறாள். அதனால் அந்த நேரம் நான் முற்றத்துக்குப் போய்விடுகிறேன்.