மயானம் என்று சொல்லாத வீடு

பஸ் நிறுத்தங்களின் பட்டியலில் அந்த இடத்தின் பெயர் மயானம். அந்த வழியில் வெகுகாலம் ஓடிய கண்டக்டர் மட்டும் ஒருநாளும் அப்படிச் சொன்னதில்லை. "மதில், மதில்! மதில் இறங்குறவங்க முன்னால வாங்க!" என்றுதான் கூவுவார். புதிதாக ஏறியவர்கள் பாவம், மதிலைத் தாண்டிப் போய் அடுத்த நிறுத்தத்தில் இறங்கித் திரும்பி நடப்பார்கள்.

"ஏங்க, மயானம் எப்ப வரும்?" என்று யாராவது கேட்டால் போதும், பின் சீட்டிலிருந்து ஒரு குரல் கிளம்பும்: "எல்லாருக்கும் வரும் பெரியவரே, அவசரப்படாதீங்க." பஸ்ஸே சிரிக்கும். கண்டக்டரும் சிரிப்பார். ஆனால் அந்தச் சொல்லை மட்டும் வாயில் எடுக்கமாட்டார். டிக்கெட்டைக் கிழித்துக் கையில் வைத்து, "மதில்தானே?" என்பார்.

அவருக்கு விசில் என்று பட்டப்பெயர். டிப்போவில் கொடுத்த விசில் சட்டைப்பையில் சும்மா கிடக்கும். இரண்டு விரலை நாக்கின் அடியில் மடக்கி அவர் அடிக்கிற அடியில் கடைசி சீட்டில் தூங்குகிறவன் தூக்கிவாரிப்போட்டு எழுவான். நிறுத்த ஒன்று, கிளம்ப இரண்டு. ஸ்டியரிங்கில் இருந்தது அவருடைய மனைவியின் தம்பி. இத்தனை கூட்டத்திலும் இரைச்சலிலும் மாமாவின் விசில் எது, ரோட்டில் போகிறவன் விசில் எது என்று அவனுக்குத் தெரியும்.

மதில் என்று பெயர் வைத்தது உண்மையில் மனைவி. வீட்டு முன்னறையில் ஜன்னலோரம் தையல் மெஷின் போட்டு, அக்கம்பக்கத்தாரின் துணிகளைத் தைத்துக்கொண்டிருந்தவள். பேசும்போதும் உதட்டில் ஒரு குண்டூசி இருக்கும். கல்யாணமான புதிதில் ஒருநாள் அவர் வாசலில் நின்றபடியே, "இன்னிக்கு மயானம் ஸ்டாப்புல ஒரு கூத்து" என்று ஆரம்பித்தார். அவள் மெஷினை நிறுத்திவிட்டாள்.

"அந்தப் பேரைச் சொல்லிட்டு உள்ள வராதீங்க. வெளிய குழாயில வாயைக் கொப்பளிச்சிட்டு வாங்க."

"ஸ்டாப்பு பேருடி அது. நான் என்ன செய்ய?"

"பேருதான். கூப்பிட்டாத் திரும்பிப் பாக்குற பேரு. வெளிய தெரியிறது அதோட மதில்தானே, மதில்னே சொல்லுங்க."

அவர் கொப்பளித்துவிட்டுத்தான் உள்ளே போனார். பிறகு சொல்லுவதையே விட்டுவிட்டார். மனைவிக்குப் பயந்தவர் என்று டிப்போவில் கேலி செய்தார்கள். "ஆமாய்யா, பயம்தான். உனக்கு இல்லியா? உன் வீட்டுல வந்து கேக்கட்டுமா?" என்பார்.

மயானம் நம்முடைய சொல் இல்லை. எப்போதோ வடமொழியிலிருந்து ஸ்மசானமாக வந்தது. வருகிற வழியில் முன்னெழுத்து உதிர்ந்து, நடுவில் தேய்ந்து, நம் நாக்குக்குத் தக்கபடி மெலிந்துகொண்டது. நம்மிடமே சொற்கள் இருந்தும் ஜனங்கள் இரவலைத்தான் பிடித்துக்கொண்டார்கள். காரணம் இருக்கிறது. சுடுகாடு என்றால் அதற்குள் நெருப்பு தெரியும். இடுகாடு என்றால் இடுகிற கை தெரியும். மயானத்தில் ஒன்றுமே தெரியாது. அதனால் அதை விலாசத்தில் எழுதலாம், பலகையில் போடலாம். கோபத்தில் சுடுகாட்டுக்குப் போ என்று வைவார்கள். மயானத்துக்குப் போ என்று யாரும் வைததில்லை. வகுப்பு அடங்கிவிட்டால் வாத்தியாருக்கு அது மயான அமைதி, அதில் அவருக்குச் சந்தோஷம்கூட உண்டு. பஸ்ஸில் ஏறுகிறவர்கள் கல்லறை என்பார்கள், மையவாடி என்பார்கள், அவரவர் வழக்கம். எல்லோருக்கும் ஒரே டிக்கெட்தான். அவள் ஒருத்திதான் அந்தச் சொல்லின் வழவழப்புக்கு ஏமாறாதவள்.

அவளையும் அங்கேதான் கொண்டுபோனார்கள். காய்ச்சல் என்று படுத்தாள், ஆஸ்பத்திரிக்குப் போனாள், திரும்பவில்லை. மதிலை ஒட்டிய வரிசையில் ஓர் இடம் கொடுத்தார்கள். மண் போட்டார்கள், ஒரு மரப்பலகை நட்டார்கள். வீட்டுக்கு வந்ததும் அவர் நேரே வெளிக்குழாய்க்குப் போய் வாய் கொப்பளித்தார். அன்றைக்கு முழுக்க அவர் ஒரு வார்த்தையும் பேசியிருக்கவில்லை. மகள் கதவருகே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

வேலைக்குத் திரும்பிய வாரத்திலேயே அது தொடங்கியது. மதிலில் இறங்க ஆளில்லாத ஒரு மத்தியான நடை. பஸ் நின்றது. கதவு திறந்தது. யாரும் இறங்கவில்லை, யாரும் ஏறவில்லை. மதிலுக்கு மேலே வேப்பங்கிளை ஒன்று அசைந்துகொண்டிருந்தது.

"ஏன் மாப்ள நிறுத்தின?"

டிரைவர் கண்ணாடியில் பார்த்தான். "நீங்கதானே மாமா விசில் அடிச்சீங்க?"

"நான் எங்கடா அடிச்சேன்? கையில டிக்கெட் கட்டு இருக்கு பாரு."

"ஒரு விசில் கேட்டுச்சே."

பிறகு அவர் இரண்டு அடித்தார், பஸ் கிளம்பியது. மறுநாளும் நின்றது. அதற்கடுத்த நாளும். டிரைவரை அவர் கேட்பதை விட்டுவிட்டார். அவனும் சொல்வதை விட்டுவிட்டான். கதவு திறந்திருக்கும் அந்தக் கொஞ்ச நேரத்தில் முன்சீட்டுப் பெண்கள் முந்தானையை இழுத்துவிட்டுக்கொள்வார்கள், குளிர் அடிக்கிறது என்று. வெயில் காலம் அது.

மகள் மருந்துக்கடையில் வேலை பார்த்தாள். அப்பாவைப் போல அவளும் அந்தச் சொல்லைச் சொல்வதில்லை. 'அம்மாகிட்ட' என்பாள்.

"அப்பா, அம்மாகிட்ட போயிருந்தேன். பலகை மக்கிப்போச்சு. அங்க இருக்கிறவர் சொல்றாரு, மழைக்குள்ள கல்லு வைக்கணுமாம். இல்லன்னா மழை முடிஞ்சதும் அந்த வரிசையைத் தோண்டி வேற ஆளுக்குக் குடுத்துடுவாங்களாம்."

"நீயே வெச்சிடேம்மா."

"ரசீது உங்க பேருல இருக்கு. நீங்க வந்து கையெழுத்துப் போடணுமாம். ஒரு தடவை போய்ட்டு வாங்கப்பா. தினம் அந்த வழியாத்தானே போறீங்க?"

அதுதான் சங்கடம். தினம் அந்த வழியாகப் போகிறவர், ஒருதரம்கூட இறங்காதவர். டியூட்டியில் கண்டக்டர் நடுவழியில் இறங்க முடியாது என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்வார். லீவு நாளில் தலைவலிக்கும், துணி துவைக்க இருக்கும். அவளுடைய இடம் கைவிட்டுப் போகும் என்பது அவருக்கு நன்றாகவே தெரியும். தெரிந்தும் கால் வரவில்லை.

மேகம் திரண்ட ஒரு நாளில் மனதைக் கல்லாக்கிக்கொண்டு லீவு போட்டார். சாதாரணச் சட்டை போட்டுக்கொண்டு தன்னுடைய பஸ்ஸிலேயே பயணியாக ஏறினார். அவருக்குப் பதில் ஒரு சின்னப்பெண் கண்டக்டராக வந்திருந்தாள்.

"எங்கண்ணே?"

அவர் வாயைத் திறந்தார், மூடினார். "மதில்மா."

"மதிலா? அப்படி ஒரு ஸ்டாப்பே இல்லியே."

டிரைவர் திரும்பாமலே சொன்னான்: "குடும்மா. எனக்குத் தெரியும்."

மதில் வந்தது. பஸ் நின்றது. அவருக்கு முன்னால் ஒரு பெரியம்மா பையோடு இறங்கினாள், அவளுக்குப் பின்னால் ஒரு மாணவன். அவர் படிக்கு வந்து, கம்பியைப் பிடித்து, வழக்கம்போலப் பின்பக்கம் எட்டிப் பார்த்தார். எல்லோரும் இறங்கியாயிற்று. யாரும் ஓடிவரவில்லை. விரல் தானாக நாக்கின் அடியில் போயிற்று. இரண்டு விசில். "போலாம் ரைட்!"

டிரைவருக்கு அந்த விசில் போதும். பஸ் பாய்ந்தது.

"அண்ணே!" சின்னப்பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "உங்களுக்காகத்தானேண்ணே நிறுத்துனோம்! நீங்களே ரைட் குடுத்துட்டீங்க!" பஸ் முழுக்கச் சிரிப்பு. அவரும் சிரித்தார். மதில் பின்னால் ஓடி மறைந்துகொண்டிருந்தது. நிறுத்தச் சொன்னால் டிரைவர் நிறுத்தியிருப்பான். அவர் சொல்லவில்லை. கடைசி நிறுத்தம்வரை போய், அதே பஸ்ஸில் திரும்பி வந்தார். திரும்பும்போது ஜன்னலில் முதல் தூறல் விழுந்தது.

"போனீங்களாப்பா?" என்று கேட்டாள் மகள், குடையைப் பிடித்துக்கொண்டு வாசலிலேயே.

"போனேன்."

"கையெழுத்து?"

"எல்லாம் ஆச்சு. கல்லு அவங்களே வெச்சுடுவாங்க."

மகளின் முகம் தெளிந்தது. அந்தத் தெளிவுதான் மழைக்காலம் முழுக்க அவரைத் தூங்கவிடவில்லை. முன்னறையில் தையல் மெஷின் மேல் போட்டிருந்த துணி காற்றில்லாமலே மெல்ல ஏறி இறங்குவதுபோல இருக்கும். பஸ்ஸில் மதில் வரும்போது அவர் ஓரமாக நின்று டிக்கெட் எண்ணுகிற பாவனை காட்டுவார். மழையிலும் பஸ் அங்கே நின்றது. திறந்த கதவு வழியாகச் சாரல் உள்ளே வந்து படிகளை நனைத்துவிட்டுப் போனது.

மழை விட்டது. ஒருநாள் காலை மதிலில் ஒருவர் ஏறினார். முழங்கால்வரை சேறு. சில்லறையை நீட்டியவர் கண்டக்டரின் முகத்தையே பார்த்தார்.

"நீங்கதானேங்க? மதிலோர வரிசை. உங்க பொண்ணு வந்து அவ்வளவு சொல்லிட்டுப் போச்சு. நீங்க கடைசிவரைக்கும் வரவே இல்லியே."

கண்டக்டர் டிக்கெட்டைக் கிழித்தார்.

"அந்த வரிசையைத் தோண்டியாச்சுங்க. நான் என்ன பண்றது, மேல சொன்னா செய்யணும். அவங்க இருந்த எடத்துல போன வாரம் ஒருத்தரை வெச்சாச்சு."

"அவ?"

"அவங்க அடியிலதான் இருக்காங்க. அவங்களை யாரு எழுப்பினா? மேல ஒருத்தர், அவ்வளவுதான்."

மயானத்துக் காவல்காரரான அவர் இறங்கிப் போனபிறகும் கண்டக்டரின் கையில் அவருடைய டிக்கெட் இருந்தது.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தவர் குழாய்க்குப் போகவில்லை, செருப்பையும் கழற்றவில்லை. மகள் சமையலறையில் பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தாள்.

"நான் மயானத்துக்குப் போகவே இல்லம்மா."

அந்த வீட்டுக்குள் அந்தச் சொல் வந்தது அன்றைக்குத்தான், இத்தனை வருஷத்தில். சொன்னவர் தன்னையறியாமல் முன்னறைப் பக்கம் காதைக் கொடுத்தார். கொப்பளிச்சிட்டு வாங்க என்று ஒரு குரல் வரும், வரவேண்டும். ஒன்றும் வரவில்லை. மெஷின் இருந்தது. அதன் சக்கரம் இருந்தது. குழாயில் தண்ணீர் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது, மகள் அதை மூட மறந்திருந்தாள்.

அவர் எல்லாவற்றையும் சொன்னார். விசில் அடித்ததையும் சொன்னார். மகள் கத்துவாள் என்று எதிர்பார்த்தார். அவள் ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு, "அப்ப அம்மா மேல யாரு?" என்றாள்.

"தெரியல."

"அதுகூடக் கேக்கலியாப்பா நீங்க?" இப்போதுதான் அவள் குரல் உடைந்தது.

மறுநாள் இருவரும் ஒன்றாகப் போனார்கள். பஸ் நின்றதும் மகள் அப்பாவின் இரண்டு கையையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டாள், விரல் எதுவும் வாய்க்குப் போகாதபடி. படியிறங்கித் தரையில் கால் வைத்தார்கள். பஸ் உடனே கிளம்பவில்லை. டிரைவர் இன்ஜினை நிறுத்திவிட்டு, ஸ்டியரிங்கின் மேல் நெற்றியை வைத்துக்கொண்டிருந்தான்.

உள்ளே ஈரமண் வாசனை. மதிலோரம் புது மேடுகள் வரிசையாக இருந்தன. காவல்காரர் ஒன்றைக் காட்டினார். ஈரமண் இறங்கி நடுவில் குழி விழுந்திருந்தது. பூ இல்லை, பலகை இல்லை.

"இவருக்கு யாரும் வரலியா?" மகள் கேட்டாள்.

"வரலம்மா. ரோட்டோரம் கிடந்தாராம். ஆஸ்பத்திரியில வெச்சுப் பாத்தாங்க, யாரும் கேட்டு வரல. இங்க கொண்டு வந்துட்டாங்க. பேரு தெரியாது. வயசானவரு."

"எங்கம்மா மேலயே வெக்கணுமா?"

"எடமே இரவல்தானேம்மா. கல்லு வெச்சா கொஞ்ச காலம் கூட, அவ்வளவுதான்."

கண்டக்டர் மேட்டைப் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு யாரிடமும் இல்லாமல் சொன்னார்: "தெரியாத ஆம்பளை பக்கத்து சீட்டுல உக்காந்தாலே எழுந்து நின்னுட்டு வருவா. என்ன பாடு படுறாளோ."

மகளுக்குச் சிரிப்பா அழுகையா என்று தெரியாத ஒன்று வந்தது. "இப்பப் பழகியிருப்பாங்கப்பா. ஒரு வாரம் ஆச்சுல்ல. சட்டை ஏன் இப்படிக் கிழிஞ்சிருக்குன்னு கேட்டிருப்பாங்க."

"ஊசி இருக்காது அவகிட்ட."

"அம்மாகிட்டயா? உதட்டுல இருக்கும்."

அவர் உட்கார்ந்தார். பக்கத்தில் குவிந்திருந்த மண்ணை இரண்டு கையாலும் அள்ளிக் குழியில் இட்டார். மகளும் அள்ளினாள். யாருடைய குழியை நிரப்புகிறோம் என்று இருவருமே யோசிக்கவில்லை. மண் உள்ளே போகப்போகக் குழி இன்னும் கேட்டது. காவல்காரர் ஒரு மண்வெட்டியைக் கொண்டுவந்து நீட்டினார். கண்டக்டர் வேண்டாம் என்று தலையசைத்தார்.

மேடு ஒருவழியாக நிமிர்ந்தது. மகள் கல்லைப் பற்றிப் பேசினாள்: சின்னதாகப் போதும், அம்மாவின் பேர், அதற்குக் கீழே கொஞ்சம் இடம் விட்டு. எதற்கு இடம் என்று காவல்காரர் கேட்கவில்லை. வேறொன்று கேட்டார்.

"என்னிக்காவது இந்தப் பெரியவரைத் தேடிக்கிட்டு யாராவது வந்தா, நான் என்னங்க சொல்றது?"

கண்டக்டர் நகத்திலிருந்த மண்ணைப் பார்த்தார்.

"இங்கதான் இருக்காருன்னு சொல்லுங்க. துணைக்கு ஆளிருக்குன்னும் சொல்லுங்க."