தோலில் வரைந்த போர்த்திட்டம்

இரும்பு ஊறிய தண்ணீருக்கு ஒரு வாடை உண்டு. காலையில் மழை விட்டதும், கொல்லையில் கிடந்த துருப்பிடித்த வாளியிலிருந்து அது எழுந்து வந்தது. என் வலது கை தானாகவே வேட்டியில் துடைத்துக்கொண்டது. இருபது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. நான் மறந்தாலும் கை மறக்கவில்லை.

அப்போது ஆம்பூரில் தோல் பதனிடும் ஒரு டேனரியில் இங்கிலீஷ் கடிதம் எழுதும் குமாஸ்தா நான். பதினாலாம் வருஷத்து யுத்தத்துக்கு முந்தைய குளிர்காலத்தில் தோல் வாங்க ஒரு ஜெர்மன்காரர் வந்தார். சரக்கைத் தரம் பிரித்து முடிக்கும்வரை அவருக்கு வேலையில்லை. எனக்கோ வாய் சும்மா இராது. பேச்சுக் கொடுத்தேன். அவர் தம் நாட்டில் படைத் தலைமையகத்து ரயில் பிரிவில் வேலை பார்த்தவராம். அங்கே சண்டை என்றால் முதலில் வாளும் குதிரையும் இல்லை, காகிதம்தான் என்றார். எந்தப் பாலத்தை எந்த வண்டி எந்த நிமிஷம் தாண்ட வேண்டும் என்று வருஷா வருஷம் திருத்தி எழுதுவார்களாம்.

"ரஷ்யா படை திரட்டி எழுந்து நிற்க ஆறு வாரம் ஆகும். அதற்குள் பெல்ஜியம் வழியே புகுந்து பிரான்ஸை முடித்துவிட்டு ரயிலேறித் திரும்பிவிடுவோம். இதில் ரகசியமே இல்லை, எங்கள் ஊர்ச் சாராயக்கடையில்கூடப் பேசுவார்கள்" என்று சிரித்தார்.

யுத்தம் வந்தது. பத்திரிகையைப் படித்துச் சொல்லச் சொல்லி டேனரியே என்னைச் சூழ்ந்தது. தரம் பிரிக்கும் இடத்தில் எனக்கு ஒரு தோஸ்த் இருந்தான். வீட்டில் உருது, எங்களோடு தமிழ். நான் படம் வரைந்து காட்ட, கழித்துப்போட்ட ஒரு மாட்டுத்தோலை அவன்தான் சுவரில் மாட்டிக் கொடுத்தான், சதைப்பக்கம் வெளியே தெரியும்படி. சுண்ணக்கட்டியால் வரைந்தேன், வருகிறவர் போகிறவர் தோள் பட்டு அழிந்தது. எனக்கு மேதாவித்தனம் ஜாஸ்தி. துருத்தண்ணீரைத் தொட்டு வரைந்தேன். ஆவாரம்பட்டையில் ஊறிய தோலில் ஓர் ஆணி பட்டாலே கறுப்பு ஏறிவிடும், போகாது. மற்றவர்கள் இரும்பைக் கண்டு அஞ்சிய இடத்தில் நான் அதையே மையாக்கினேன்.

பெல்ஜியம் வழியாக வளைந்து இறங்கும் ஜெர்மன் படை, ஒரு பெரிய கை போல. பாரிஸை நோக்கிய விரல்கள். ஓரத்தில் என் கையெழுத்தில் நாள் கணக்கு. பத்திரிகைச் செய்தி அந்தக் கணக்கோடு ஒட்டிக்கொண்டே வந்தது. முதலில் எல்லோரும் வியந்தார்கள். பிறகு பேச்சு குறைந்தது. இவனுக்கு எப்படி முன்னாலேயே தெரியும்?

பாரிஸை எட்டுமுன் அந்தக் கை நின்றுபோனது. நான் மூச்சு விட்டேன். அதற்குள் ஒரு ஜெர்மன் கப்பல் வந்து சென்னைமேல் குண்டு போட்டது. ஊரை விட்டோடிய சனம் ரயில் ரயிலாகக் காட்பாடி வழியே வந்து இறங்கியது, மூட்டையும் குழந்தையுமாக. தோஸ்த் என்னை ஊறல்தொட்டிக்குப் பின்னால் இழுத்தான்.

"இன்னாடா, இன்னுமா அந்தப் படத்த மாட்டி வெச்சிருக்க? ஜெர்மன்காரங்கிட்ட சரக்கு வித்தவங்கள எல்லாம் போலீஸ் விசாரிக்குதாம். நாளைக்கு நம்ம டேனரிக்கு இன்ஸ்பெக்டர் வர்றாரு."

"எலுமிச்சம்பழம் தேச்சுப் பாத்தேன். மங்குதே தவிர போவ மாட்டேங்குது."

"துண்டு துண்டா வெட்டிட்லாம். நட."

போனோம். சுவரில் ஆணி மட்டும் இருந்தது.

"அந்தத் தோலா? லண்டன் போற கட்டுல ஒரு தோல் கம்மியா இருந்திச்சி. எட்த்து மடிச்சிப் போட்டேன்" என்றார் கட்டுப்போடும் மேஸ்திரி.

"அதுல கறை இருந்திச்சே!"

"சதைப்பக்கம்தானே? மடிச்சா யாருக்குத் தெரியப்போவுது?"

சதைப்பக்கத்தை உள்ளே வைத்து மடிப்பதுதான் வழக்கம். கோணி போட்டுத் தைத்த கட்டுகள் கூரைவரை அடுக்கியிருந்தன, எல்லாம் ஒரே முகம். எதனுள்ளே என் கையெழுத்து?

மறுநாள் பத்து மணிக்கு இன்ஸ்பெக்டர் வந்தார். பிரம்பால் ஒரு கட்டைத் தொட்டார்.

"பிரி."

மேஸ்திரி தையலை அறுத்தார். தோல்கள் ஒவ்வொன்றாக விரிந்தன. ஒவ்வொரு மடிப்பும் திறக்கும்போது என் கண் சதைப்பக்கத்துக்கே ஓடியது. வெறும் தோல். வெறும் தோல். பிரம்பு அடுத்த கட்டுக்குப் போனது. அதுவும் வெறும் தோல். மூன்றாவதன்மேல் பிரம்பை வைத்துக்கொண்டே என்னைப் பார்த்தார்.

"ஏன்யா இப்டி வேர்க்குது உனக்கு?"

மேல்துண்டால் நெற்றியைத் துடைத்தேன்.

"ஜுரம் சார். ரெண்டு நாளா பேஜார் பண்றான். வீட்டுக்குப் போடான்னா கேக்க மாட்டேங்கறான்" என்றான் தோஸ்த்.

ஜுரம் என்றதும் இன்ஸ்பெக்டர் இரண்டடி பின்வாங்கினார். மூன்றாவது கட்டு பிரிபடவில்லை. மாலைக்குள் எல்லாம் கூட்ஸ் வண்டி ஏறின.

அப்போதுதான் என் நிஜமான பயம் தொடங்கியது. லண்டனில் யாரோ ஒருவர் அதை விரிப்பார். எதிரியின் திட்டம், தமிழில் நாள் கணக்கு, கட்டின்மேல் எங்கள் டேனரி முத்திரை. கடல் தாண்ட எத்தனை நாள், கடிதம் திரும்ப எத்தனை நாள் என்று, அந்த ஜெர்மன்காரர் சொன்ன தலைமையகம் மாதிரியே, உட்கார்ந்து நிமிஷம் எண்ணினேன். தெருவில் பூட்ஸ் சத்தம் கேட்டால் சோற்றில் கை நின்றுவிடும். ஒரு மாதம் தாங்கினேன். பிறகு சேலத்தில் அக்கா வீட்டுக்குக் கிளம்பினேன்.

ஆம்பூர் ஸ்டேஷனுக்கு தோஸ்த் மட்டும் வந்தான். அந்தத் தோல் பிரிக்காத மூன்றாவது கட்டில்தான் இருந்ததா என்று கேட்டேன். அவனுக்கும் தெரியவில்லை. வண்டி அசைந்தது. ஜன்னல் கம்பியைப் பிடித்தபடி கூடவே நடந்தான்.

"போய்ச் சேர்ந்ததும் ஒரு வரி எழுது. காயிதத்துல எழுதுடா, கிழிச்சாவது போட்லாம். தோல்ல மட்டும் எழுதாத, தோஸ்த்."