மூணாவது தந்தி

அமெரிக்காவில் கடல் அலைமேல் பலகை போட்டுச் சறுக்குகிற ஆட்களுக்கென்றே ஒரு சங்கீதம் உண்டாம். பாட்டே கிடையாது, எலக்ட்ரிக் கிதார்தான் எல்லாம் பேசும். நன்னிலத்துப் பக்கம் பலகை என்றால் சேற்றைச் சமப்படுத்துகிற பரம்புப் பலகைதான். அதன்மேல் ஏறி நின்று மாடு ஓட்டி வளர்ந்த வைரக்கண்ணுவின் கையில் போய் அந்தச் சங்கீதம் உட்கார்ந்தது. யார் தலையில் என்ன எழுதியிருக்கிறதோ, போங்கள்!

மைக்செட் கட்டப் போன இடத்தில், கச்சேரிக்கு வந்த கிதார்க்காரர் நாகூர் ஜெய்னுலாபுதீன் அவனைப் பிடித்துக்கொண்டு கிதார் கற்றுக்கொடுத்தார். நாலு பேராகக் குழு சேர்த்து மெட்ராஸில் சினிமாவுக்கு வாசித்தார்கள். வில்லன் காரில் துரத்துகிறானா, கிளப்பில் ஆட்டமா, கூப்பிடு இவர்களை.

அப்பா காத்தானுக்கு இது ஆகவே ஆகாது. பண்ணையில் கூலிவேலை, சங்கத்தில் கொடி பிடிக்கிற ஆள். "அப்பா சீரியஸ், உடனே புறப்படு" என்று ஒரு தந்தி அடித்தார். மகன் அலறி அடித்துக்கொண்டு வந்தால், மனுஷன் கல்லுக்குண்டு மாதிரி உட்கார்ந்து கஞ்சி குடித்துக்கொண்டிருக்கிறார்! "நடவுக்கு ஆளில்லடா." ரெண்டாவது தந்தி பெண் பார்க்க. எங்கள் பக்கம் இதெல்லாம் சகஜம். பட்டணம் போன பிள்ளையை இழுக்க வேறு கயிறு ஏது?

உதயசூரியன் ஜெயித்த மறுவருஷம், ஊரெல்லாம் கூலித் தகராறு. அறுவடை சமயம். காலை ஒன்பது மணிக்கு ரெக்கார்டிங் தியேட்டருக்கே மூணாவது தந்தி வந்தது. அதே வாசகம்.

"போறியா தம்பி?" என்றார் ஜெய்னுலாபுதீன்.

"புலி வருது கதைதான் பாய். களத்துல நெல்லு தூத்தக் கூப்பிடுறாரு" என்று சிரித்துக்கொண்டே தந்தியைச் சட்டைப்பையில் செருகினான். பாவி, சிரித்தானே!

அந்தக் காலத்து ரெக்கார்டிங்கில் ஒருத்தர் பிசகினாலும் எல்லோரும் முதலிலிருந்து வாசிக்க வேண்டும். ஏழாவது தடவை சரியாக வந்தபோது மணி நாலு. மனசு கேட்காமல் ராத்திரி ரயில் ஏறினான்.

தந்திக்கு முந்தின நாள் வெளியூர் ஆட்களை இறக்கிப் பண்ணை அறுத்தபோது மறிக்கப் போன காத்தானுக்கு மண்டையில் அடி. மறுநாள் விளக்கு வைத்து ரொம்ப நேரம் வரைக்கும் உயிர் இருந்தது. தெருவையே பார்த்து, "கண்ணு வந்துட்டானா?" என்று கேட்டுக்கொண்டே கிடந்தார். காலையிலேயே பஸ் ஏறியிருந்தால் முகத்தில் முழித்திருக்கலாம். கலவரம் வருமென்று போலீஸ் அவசரப்படுத்த, விடிந்ததும் தங்கச்சி புருஷன் கொள்ளி வைத்துவிட்டான். வைரக்கண்ணு வந்து பார்த்தது சாம்பலைத்தான்.

"தந்தி எப்படா வந்துச்சு?" என்றாள் அம்மா ராமாயி.

"சாயங்காலந்தாம்மா."

அன்றிலிருந்து, "அவன் காலு ஒடிய" என்று தந்திக்காரனைச் சபிக்காத நாளில்லை அவள். ஒவ்வொரு சாபமும் யார்மேல் விழுகிறதென்று வைரக்கண்ணுவுக்கு மட்டும் தெரியும்.

ஆறு மாசம் கழித்து, அன்றைக்கு வாசித்த படம் நன்னிலத்துக்கு வந்தது. மகன் வாசித்ததைக் கேட்டே தீருவேன் என்று ராமாயி பிடிவாதம் பிடித்து அவனை மேட்னிக்கு இழுத்துப்போனாள். திரையில் கார் பறந்தது, கிதார் அலை அலையாக எழும்பியது. அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"நீதானாடா?"

"நாந்தாம்மா."

"அப்பா இருந்தப்ப வாசிச்சதா?"

"ஆமா. இருந்தப்பதான்."

ராமாயி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள்.

"அந்தப் படுபாவி மட்டும் நேரத்துல தந்தியக் குடுத்திருந்தா, இதையெல்லாம் போட்டுட்டு ஓடி வந்திருப்பேடா நீ. எனக்குத் தெரியாதா எம் புள்ளைய?"