தொழில் என்ற கட்டத்தில் எழுதியது

இன்று காலை குடிசனக் கணக்கெடுக்க ஓர் உத்தியோகத்தர் வந்தார், என் பேத்தி வயதுப் பெண். வீட்டில் யாருக்கு என்ன தொழில் என்று கேட்டார்.

"எனக்கு மீன்பிடி. பொஞ்சாதி சும்மாதான் இருக்கா" என்றேன்.

இந்த வருடம்தான் வாசிக்கப் பழகினேன். அவர் எழுதிய தாளை வாங்கி எழுத்துக் கூட்டிப் பார்த்தேன். மனைவியின் பெயருக்கு நேரே 'தொழில் இல்லை' என்றிருந்தது. வாயால் சொன்னபோது உறுத்தாத பொய், எழுத்தில் உறுத்தியது.

"மகள், இத வெட்டுங்க" என்றேன் உத்தியோகத்தரிடம். "நான் கடலுக்குப் போய் ஆறு வருஷம். அந்தா தறியில இருக்கா, அவ நெய்யிற சாறனாலதான் இந்த வீட்டில சோறு வேகுது."

"அப்ப உங்களுக்கு வேலை தேடுறவர் எண்டு போடவா, வாப்பா?"

மனைவி தறியை நிறுத்தாமலே சொன்னாள்: "அப்படிப் போடாதீங்க மகள். அவர் தேடல்ல."

உத்தியோகத்தர் இரண்டையும் திருத்தினார்: அவளுக்கு 'நெசவு', எனக்குத் 'தொழில் இல்லை'.

நாளை அடுத்த தெருவுக்கு வருவாராம். அந்தத் தெரு வாப்பாமாரே, நீங்கள் என்ன சொல்லப்போகிறீர்கள்?