பானுமதி பூட்டிக் கொடுத்த எட்டுக் கம்ப்யூட்டர்கள்

2024 ஜூன் 3 — 12.4
ஜூன் 4 — 9.8
ஜூன் 5 — 0
ஜூன் 6 — 19.5
மொத்தம் — 41.7

இவை ரூபாய் அல்ல, ஜிபி. ஒரு கார் பந்தய விளையாட்டை, அதைச் செய்த கம்பெனியின் தளத்திலிருந்து, அவர்கள் இலவசமாகக் கொடுத்த செட்டப் கோப்பாகவே இறக்குவதற்குப் பானுமதிக்கு ஆன நாட்களும் அளவும். ஐந்தாம் தேதி துணை மின்நிலையத்தில் பராமரிப்பு வேலை. மாலையில் மின்சாரம் வந்தது, இணையம் வரவில்லை. அதனால் பூஜ்யம்.

விருத்தாசலம் செராமிக் எஸ்டேட்டில் ஒரு யூனிட்டில் முப்பத்தொரு வருடம் சூளையின் வெப்பநிலையை அரை மணிக்கு ஒருமுறை குறித்து வந்தேன். அங்கே என்னை ரைட்டர் என்பார்கள். ஓய்வு பெற்ற பிறகு பானுமதியின் கம்ப்யூட்டர் கடையில் காலை பத்து மணியிலிருந்து ஒரு மணி வரை வேலைப் பதிவேடு எழுதுகிறேன். அவருக்கு எழுத நேரம் கிடையாது.

பானுமதிக்கு வயது நாற்பத்துமூன்று. பிறந்த ஊர் திட்டக்குடி பக்கத்து மங்களூர். 2001இல் கல்யாணமாகி விருத்தாசலம் வந்தார். மறு வருடமே எங்கள் யூனிட்டில் வேலைக்குச் சேர்ந்து, பீங்கான் ஃபியூஸ் கட்டைகளைப் பளபளப்புக் கரைசலில் முக்கி எடுத்தார். பிறகு பேக்கிங் டேபிள். 2009 மார்ச்சில் டெஸ்பாட்ச் அறையின் கம்ப்யூட்டர் நின்றுபோனது. பார்க்க வந்தவர் புதிது வாங்கச் சொல்லிவிட்டுப் போனார். பானுமதி சாப்பாட்டு நேரத்தில் அதன் மூடியைக் கழற்றி, கட்டைகளைத் துடைக்கும் தூரிகையாலேயே உள்ளே படிந்திருந்த வெள்ளை மண்தூசியைத் தட்டி எடுத்தார். பிற்பகல் 1.50க்கு அது ஓடியது. அதன் பிறகு எஸ்டேட்டில் எந்த யூனிட்டில் கம்ப்யூட்டர் நின்றாலும் அவருக்குத்தான் ஆள் வரும். 2017 பிப்ரவரி 9 அன்று தனிக்கடை திறந்தார்.

தூசி தட்டத் தொடங்கிய கடைக்கு இப்போது ஐந்தில் இரண்டு பங்கு வேலை விளையாட்டுகளால் வருகிறது. 2023இல் பதிவான வேலைகள் 412. அதில் 163, இறக்கிய கேம் ஏறவில்லை என்று வந்தவை. ஐம்பத்தெட்டுப் பேர் ஜிப் கோப்பைப் பிரிக்காமல் அதற்குள்ளிருந்தே செட்டப்பை அழுத்தியவர்கள். நாற்பத்தோரு பேர் ஐந்து பாகங்களில் ஒன்றை விட்டுவிட்டு நான்கைக் கொண்டு வந்தவர்கள். இருபத்தொன்பது பேரிடம் இடம் போதவில்லை; கேம் நாற்பது ஜிபி என்றால் பிரிக்கும்போது அதே அளவு இன்னொரு மடங்கு வேண்டும் என்பது அவர்களுக்குத் தெரியாது. இருபத்திரண்டில் ஆன்டிவைரஸ் ஒரு கோப்பைப் பிடித்து அடைத்து வைத்திருந்தது. மீதிப் பதின்மூன்றில் ஏதோ ஒரு டிஎல்எல் இல்லை என்று வந்தது. அந்த ஒற்றைக் கோப்பை எங்கிருந்தோ இறக்கி ஒட்டவைப்பதைப் பானுமதி அனுமதிக்க மாட்டார். அது எந்தத் தொகுப்பைச் சேர்ந்ததோ அந்தத் தொகுப்பு முழுவதையும் உரிய தளத்திலிருந்து எடுத்துப் போடுவார்.

தாலுகா ஆபீஸ் பக்கம் ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவர் ஒருநாள் லேப்டாப்போடு வந்தார்.

"எரர் வந்துச்சும்மா."

"என்னான்னு வந்துச்சு?"

"எரர்னு வந்துச்சு."

"அதுக்குக் கீழ என்னா எழுதியிருந்துச்சு?"

"யாரு படிச்சா? ஓகே அமுக்கிட்டேன்."

"ஏண்ணே, கல்யாணப் பத்திரிகைய படிக்காம எந்த மண்டபத்துலயாவது பூந்து மொய் எழுதுவீங்களா? இதுல மட்டும் படிக்காம ஓகேவா?"

அவரே இன்னொரு தடவை பூட்டுடைத்த கேம் ஒன்றைப் பென்டிரைவில் கொண்டு வந்தார். பானுமதி அதைத் தொடவில்லை. "பூட்ட ஒடைச்சவன் கள்ளச்சாவியும் போட்டு வச்சிருப்பாண்ணே. நாளைக்கு ஒங்க பேங்க்கு கணக்குக்கு அவன் வருவான்" என்று திருப்பிக் கொடுத்தார்.

திட்டக்குடி சாமிதுரை 2024 மே மாதம் வந்தார். நெல் வியாபாரம் செய்தவர். பஸ் நிலையம் அருகே கேம் சென்டர் திறக்கப் போவதாகவும், எட்டுக் கம்ப்யூட்டர் வேண்டும் என்றும் சொன்னார். பானுமதி அதுவரை மற்றவர்களின் கம்ப்யூட்டர்களைப் பழுது பார்த்தவர். தானே பாகங்கள் வாங்கிப் பூட்டிக் கொடுத்ததில்லை. ஒப்புக்கொண்டார். கையிலிருந்ததெல்லாம் அந்த எட்டுக்குள் போய்விட்டது. எட்டும் திரும்பி வந்தால் கடையைப் பூட்டிவிட்டு மறுபடி பேக்கிங் டேபிளுக்குப் போக வேண்டியதுதான். இதை அவரே என்னிடம் சொன்னார், சிரித்துக்கொண்டு.

இறக்கிய செட்டப் வழியில் கெடவில்லையா என்று பார்க்க, அதன் சோதனை எண்ணைக் கம்பெனி கொடுத்திருந்த அறுபத்துநான்கு எழுத்து எண்ணோடு ஒப்பிட்டோம். அவர் திரையைப் பார்த்து வாசிக்க, நான் எழுத்துக்கு எழுத்து டிக் அடித்தேன். ஒன்றுகூடப் பிசகவில்லை. எட்டுக் கம்ப்யூட்டர்களிலும் கேமைப் போட்டு ஓட்டிப் பார்த்தார். எட்டும் ஓடின. பிறகு எல்லாவற்றையும் அழித்துப் புதிதாக்கிக் கொடுத்தார். ஏனென்றால் சாமிதுரை, "புதுப் பொட்டியில மொதல்ல எங்க வூட்டுக் கைதான் படணும்மா. பூஜ போட்டு ஆண்டாளே ஏத்தட்டும்" என்று கேட்டிருந்தார். ஆண்டாள் அவருடைய மகள். சென்டரை நடத்தப் போவது அவர்தான். ஜூன் 10 திங்கட்கிழமை எட்டும், கேம் இருந்த ஹார்டு டிஸ்க்கும் திட்டக்குடிக்குப் போயின. திறப்பு விழா ஆனி 2, ஞாயிற்றுக்கிழமை.

செவ்வாய் காலை 10.25க்கு ஆண்டாளிடமிருந்து ஃபோன் வந்தது. ஏழு கம்ப்யூட்டர்களிலும் கேம் ஏறவில்லை. செட்டப்பை அழுத்தியதும், 'மூலக் கோப்பைப் படிக்க முடியவில்லை, டிஸ்க் பழுதாகியிருக்கலாம்' என்று ஆங்கிலத்தில் வருகிறது. எட்டாவதை ஆண்டாள் பயந்துபோய்த் தொடவேயில்லை.

பானுமதி வரிசையாகக் கேட்டார். இடம் இருக்கிறதா? நானூறு ஜிபி காலி. ஆன்டிவைரஸ் ஏதாவது அடைத்து வைத்திருக்கிறதா? பட்டியலில் ஒன்றும் இல்லை. அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டிப் பார்த்தாயா? பார்த்தாகிவிட்டது.

"எதுல காப்பி பண்ணியிருக்க ஆண்டாளு?"

"டி டிரைவுலதாங்க்கா, உவுக்குள்ள."

அங்கே ஹாலில் சுவரைத் துளைக்கும் சத்தம். பானுமதிக்கு 'உள்ள' என்றுதான் கேட்டது. 'டி டிரைவ் உள்ளே காப்பி செய்யப்பட்டது' என்று நானும் பதிவேட்டில் எழுதினேன்.

புதன்கிழமை சாமிதுரையே பேசினார். "ஒங்க கடையில ஓடுது, எங்கூர்ல ஓடல. எங்கூரு காத்து ஆவலியா? மிஷினே சொல்லுதேம்மா டிஸ்க்கு கெட்டுடுச்சுன்னு. எட்டையும் எடுத்துக்கிட்டுப் போயிடுங்க."

"நாளைக்கு வரேங்க. பாத்துட்டு அப்பறம் பேசுவோம்" என்றார் பானுமதி.

ஜூன் 13 வியாழன் காலை 8.10 பஸ்ஸில் போனோம். 9.20க்குச் சென்டரில் இருந்தோம். ஏழு கம்ப்யூட்டர்களின் நெற்றியிலும் சந்தனம், குங்குமம். பானுமதி மவுஸைத் தொடவில்லை. எங்கள் யூனிட்டில் கட்டைகள் ஒரே இடத்தில் வெடித்து வந்தால், அவர் வெடிப்பைப் பார்க்க மாட்டார். அச்சில் மண் போடும் கையின் பக்கத்தில் போய் நிற்பார். இங்கேயும் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

"எட்டாவது பொட்டியில மொதல்லேருந்து செய்யி. நான் பக்கத்துல நிக்கறதே தெரியாத மாதிரி செய்யி" என்றார்.

ஆண்டாள் பொட்டு வைத்தார். சூடம் காட்டினார். சுவிட்சைப் போட்டார். டி டிரைவைத் திறந்து, புதிதாக ஒரு ஃபோல்டர் உண்டாக்கி, விசைப்பலகையைத் தமிழுக்கு மாற்றி, அதற்கு ஒரே ஒரு எழுத்தைப் பெயராக அடித்தார்: உ.

"நில்லு. இது என்னா?"

"புள்ளையார் சுழிக்கா. புது நோட்டு வாங்குனா போட மாட்டமா?"

"எட்டுலயும் போட்டிருக்கியா?"

"போடாம? அதுக்குள்ளதானே எல்லாத்தையும் வச்சிருக்கேன். அன்னிக்கே ஃபோன்ல சொன்னேனே."

பானுமதி என்னைத் திரும்பிப் பார்த்தார். செவ்வாய்க்கிழமைப் பதிவை நான் அடித்துத் திருத்தவில்லை. பக்கத்தில் சிவப்பு மையில் 'உ-வுக்குள்ளே' என்று எழுதித் தேதி போட்டேன்.

பானுமதி முதல் கம்ப்யூட்டரில் games என்று ஆங்கிலத்தில் ஒரு ஃபோல்டர் திறந்து, செட்டப்பை அதற்கு மாற்றி அழுத்தினார். ஏறத் தொடங்கியது. இருபத்தாறு நிமிடத்தில் முடிந்து, கார் ஓடியது. ஆண்டாள் கைதட்டினார். பானுமதி அதோடு விடவில்லை. எட்டாவது கம்ப்யூட்டரில் உ-வுக்குள் வைத்தே அழுத்திக் காட்டினார். டிஸ்க் பழுது என்றது. வெளியே எடுத்து அழுத்தினார், ஏறியது. கம்ப்யூட்டருக்குத் தமிழ் தெரியும், செட்டப் எழுதியவனுக்குத்தான் தெரியவில்லை என்பது விளங்கிவிட்டது.

"அப்ப இந்த ஃபோல்டர அழிச்சுடணுமாக்கா? புள்ளையார அழிக்கிறதா?" ஆண்டாளின் கை மவுஸிலிருந்து நகர்ந்துவிட்டது.

"யாரு அழிக்கச் சொன்னா? அவரு வாசல்ல ஒக்காந்திருக்கட்டும். சாமான பக்கத்து ரூம்புல போடு. கோயில்லயே மடப்பள்ளி தனியாத்தானே இருக்குது?"

இரண்டு ஃபோல்டரும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. மாலை 4.15க்குள் எட்டிலும் கேம் ஏறிவிட்டது.

சாமிதுரை ஐந்து மணிக்கு வந்தார். எல்லாம் ஓடுவதைப் பார்த்தார். ஆண்டாள் நடந்ததைச் சொல்லக் கேட்டார். ஆனால் நம்பவில்லை.

"ஒத்த எழுத்துக்கா எட்டு மிஷினு படுத்துச்சு? அதே உ-வுல எம் பொண்ணு போட்டா வச்சிருக்கு, பாட்டு வச்சிருக்கு. அதெல்லாம் தொறக்குது. இன்னிக்கு ஒரு எழுத்துக்குப் படுத்துது, நாளைக்கு எதுக்குப் படுக்குமோ. மட்டமான சாமான வச்சுக் கட்டிட்டு புள்ளையாரு மேல பழியப் போடுறீங்களே."

"மட்டம்னா இப்ப எப்படிங்க ஓடுது?"

"அதெல்லாம் எனக்குத் தெரியாதும்மா. கேம் செஞ்ச கம்பெனிக்காரன் எழுத்துல குடுக்கட்டும், தப்பு எங்களுதுன்னு. முப்பதாந் தேதிக்குள்ள வரலன்னா எட்டும் ஒங்க கடைக்கு வந்துடும்."

"அப்பா, வெளிநாட்டுக் கம்பெனிப்பா. அவங்க எங்க நமக்கு எழுதப் போறாங்க?" என்றார் ஆண்டாள்.

"எழுத வெப்போம்" என்றார் பானுமதி.

எங்கள் பக்கத்தில் நியாயம் கிடைக்காதவர்கள் மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் கோயிலில் பிராது கட்டுவார்கள். பேர், ஊர், என்ன குறை, என்ன செய்ய வேண்டும் என்று தாளில் எழுதிக் கட்டிவிட்டு வருவது வழக்கம். மறுநாள் வெள்ளிக்கிழமை பானுமதி கடையில் உட்கார்ந்து, "ரைட்டரய்யா, பிராது மாதிரியே எழுதுவோம். சாமியா இருந்தாலும் கம்பெனியா இருந்தாலும், சுத்தி வளைச்சா படிக்க மாட்டாங்க" என்றார். ஆங்கிலத்தில் பதினொரு வரி. அவர் சொன்னார், நான் தேதிகளைச் சரிபார்த்தேன். எந்தப் பதிப்பு, எத்தனை கம்ப்யூட்டர், எந்த ஃபோல்டரில் ஓடவில்லை, எதில் ஓடியது. கோபமான சொல் ஒன்றுகூட இல்லை. ஜூன் 14, பகல் 12.05க்கு அனுப்பினோம்.

ஞாயிற்றுக்கிழமை சென்டர் திறந்தது. கூட்டம் நன்றாக இருந்ததாக ஆண்டாள் சொன்னார். சாமிதுரை மட்டும் வருகிறவர்களிடமெல்லாம், "மிஷினு இன்னும் முடிவாவல" என்று சொல்லிக்கொண்டிருந்தாராம்.

முதல் பதில் 17ஆம் தேதி வந்தது. டிஸ்க்கைச் சோதித்துப் பாருங்கள், டிரைவரைப் புதுப்பியுங்கள் என்று இருந்தது.

"படிக்காம ஓகே அமுக்குற ஆளு அங்கயும் இருக்கான்யா" என்றார் பானுமதி.

செட்டப் ஓடும்போது தான் செய்வதையெல்லாம் ஒரு கோப்பில் எழுதி வைக்கும். அதை லாக் என்பார்கள். யாரும் அதைத் திறப்பதில்லை. பானுமதி ஆண்டாளிடம் சொல்லி எட்டு லாக்குகளையும் வரவழைத்தார். எட்டிலும் ஒரே வரி. டி டிரைவ், அடுத்து உ இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கேள்விக்குறி, அதற்குப் பிறகு செட்டப்பின் பெயர். அந்த எழுத்தைப் படிக்கத் தெரியாத நிரல் அதைக் கேள்விக்குறியாக மாற்றிக்கொண்டு, கேள்விக்குறி என்ற ஃபோல்டரைத் தேடியிருக்கிறது. கிடைக்காததும் டிஸ்க்கின் மேல் பழியைப் போட்டிருக்கிறது. அந்த வரியைக் காட்டும் படத்தை மேலேயே வைத்து, எட்டு லாக்குகளையும் இணைத்து, 18ஆம் தேதி இரண்டாவது பிராது போயிற்று.

20ஆம் தேதி இரண்டாவது பதில் வந்தது: வேறு பிரிவுக்கு அனுப்பியிருக்கிறோம். அதன் பிறகு ஒரு வாரம் ஒன்றும் இல்லை. சாமிதுரை 25ஆம் தேதி பேசி, ஞாயிற்றுக்கிழமை வண்டி பிடிக்கட்டுமா என்று கேட்டார். "இன்னும் அஞ்சு நாளு இருக்குதுங்க" என்று சொல்லிவிட்டு, பானுமதி ஏதோ ஒரு யூனிட்டின் கம்ப்யூட்டரிலிருந்து மண்ணைத் தட்டிக்கொண்டிருந்தார்.

மூன்றாவது பதிலில் ஆறு வரிகள் இருந்தன. ஆங்கில எழுத்தல்லாத பெயருள்ள ஃபோல்டரில் தங்கள் செட்டப் தவறுவது உண்மை. காட்டிய செய்தியும் தவறு. கணினிகளிலோ டிஸ்க்கிலோ குறை இல்லை. அடுத்த பதிப்பில் திருத்திவிட்டோம். எட்டு லாக்குகளுக்கும் நன்றி. கீழே ஒருவருடைய பெயரும் பொறுப்பும் இருந்தன. பானுமதி அதை அச்செடுத்து, தமிழிலும் எழுதச் சொல்லி, இரண்டையும் படம் பிடித்துத் திட்டக்குடிக்கு அனுப்பினார்.

சாமிதுரை அரை மணி கழித்துக் கூப்பிட்டார். ஆண்டாள் இரண்டு தடவை படித்துக் காட்டினாராம். "சரிம்மா. எட்டும் இங்கயே இருக்கட்டும்" என்றார். கொஞ்சம் நிறுத்தி, "ஸ்ரீமுஷ்ணத்துல எம் மச்சான் ஒருத்தன் ஆறு கேக்குறான். பூட்டித் தருவீங்களா?" என்றார்.

"தருவேங்க. அவரு வூட்டுலயும் புள்ளையார் சுழி போட்டுக்கலாம், ஒண்ணும் ஆவாது" என்றார் பானுமதி.

அந்த மூன்றாவது, இறுதிக் கடிதம் வந்து சேர்ந்தது 2024 ஜூன் 27, வியாழக்கிழமை, காலை 11.42.